பிரெஞ்சுக் கப்பல் அதிகாரிக்குப் பேரேடு போடுவது எப்படி

காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருப் பழம்பொருள் கடைகளிலும், சைகோனுக்குக் கொண்டுவிக்க, அதாவது வட்டித்தொழில் செய்ய, போன குடும்பங்களின் பெட்டகங்களிலும் பிரெஞ்சுக் காகிதங்கள் இன்னும் வந்துகொண்டுதான் இருக்கின்றன. நோட்டரி பத்திரம், முத்திரைத்தாள், கண்ணாடிச் சட்டத்துக்குள் நீலக் கோட்டுப் போட்ட யாரோ ஒரு துரையின் படம், எப்போதாவது நங்கூர முத்திரை போட்ட நியமன உத்தரவு. அதில் கடற்படை அதிகாரி ஒருவரின் பெயர் இருந்தால், அவர் எப்போது சேர்ந்தார், எந்தெந்தக் கப்பலில் ஏறினார், எந்தப் பதவிவரை போனார் என்பதை வீட்டில் இருந்தபடியே பெருமளவு திரட்டிவிடலாம். பிரெஞ்சு அரசாங்கம் காகிதத்தைத் தூக்கிப் போடாத அரசாங்கம். ஒரே குடும்பப் பெயரில் மூன்று பேர், ஒரே பதவிப் பெயருக்கு இரண்டு பொருள், ஒரே நாளுக்கு மூன்று வகைத் தேதி என்று குவிந்து கிடப்பதுதான் தலைவலி. போர்க்கதையில் தொடங்கினால் இந்தக் குவியலில் மாட்டிக்கொள்வீர்கள். ஒரு பேரேட்டைத் திறந்து வரி வரியாக ஏற்றுவதுதான் வழி.

முதலில் காகிதத்தின் வயது

பாய்மரக் காலம் என்று இங்கே சொல்வது ஏறத்தாழ 1670 முதல் 1850 வரை. செட்டிநாட்டில் அகப்படும் பிரெஞ்சுக் காகிதத்தில் பெரும்பகுதி அதற்குப் பிந்தியது. சைகோனைப் பிரெஞ்சுக்காரர்கள் பிடித்ததே 1859 பிப்ரவரியில்தான். சைகோனைச் சுற்றிய தென்வியட்நாமான கொச்சின்சீனாவை 1879 வரை ஆண்ட கவர்னர்கள் கடற்படை அட்மிரல்கள். அதனால் தலைப்பில் 'மரீன்', அதாவது கடற்படை, என்ற சொல்லும் அடியில் ஓர் அட்மிரல் கையெழுத்தும் இருந்த மாத்திரத்தில் கப்பல் ஆவணம் என்று முடிவுகட்ட வேண்டாம். சாதாரண நில ஒப்படைப்பாகவும் இருக்கலாம். அந்த அட்மிரல் பாய்மரத்தில் தொழில் பழகியவராக இருப்பது வேறு விஷயம். சைகோனைப் பிடித்த ரிகோ த ழெனுய்யி 1807இல் பிறந்தவர். அவரைத் தேடுவதும் இதே முறையில்தான்.

காகிதத்தை வளவில் நின்று வெளிச்சத்துக்கு நேரே பிடியுங்கள். நெருக்கமான கோடுகளும், அவற்றுக்குக் குறுக்கே இரண்டு மூன்று சென்டிமீட்டர் இடைவெளியில் இன்னொரு வரிசைக் கோடுகளும் தெரிந்தால் அது கம்பி அச்சில் கையால் வார்த்த காகிதம். 18ஆம் நூற்றாண்டுக்குப் பொருந்தும். கோடே இல்லாமல் சமமாக இருந்தால் பெரும்பாலும் 1800க்குப் பிறகு. பார்த்து முடித்ததும் வெயிலிலிருந்து எடுத்துவிடுங்கள். அந்தக் கால மை ஏற்கெனவே பழுப்பேறி நிற்கிறது, காரைக்குடி வெயிலையும் அது தாங்காது.

சட்டத்துக்குள் இருப்பது படமானால், பத்து மடங்கு லென்ஸ் ஒன்று போதும். முகத்தில் புள்ளி புள்ளியாகத் தெரிந்தால் அது பிற்காலத்துப் புத்தகத்திலிருந்து வெட்டியது. படத்தில் இருப்பவர் உண்மையானவர், காகிதம் மட்டும் புதிது. செப்புத்தகட்டு அச்சானால் மை கோடு கோடாக மேடேறி நிற்கும், படத்தைச் சுற்றித் தகட்டின் விளிம்பு அழுந்திய செவ்வகம் ஒன்றும் தெரியும். கல்லச்சில் அந்த அழுத்தம் இருக்காது. கல்லச்சு 1790களின் கடைசியில்தான் பிறந்தது என்பதால், 1780ஆம் ஆண்டு அதிகாரியின் கல்லச்சுப் படம் அவர் காலத்துக்குப் பின் யாரோ வரைந்தது.

அடுத்து மார்பில் தொங்கும் சிலுவையைப் பாருங்கள். கடைக்காரர்களும் வாங்குபவர்களும் அதிகமாக ஏமாறும் இடம் இதுதான், ஏனென்றால் இரண்டு விருதுகளுக்குமே சிவப்பு நாடா. நான்கு கைகளும் எட்டு முனைகளும் இருந்தால் அது சேன் லூயி. 14ஆம் லூயி 1693இல் ஏற்படுத்தியது. ஐந்து கைகளும் பத்து முனைகளும் இருந்தால் லெஜியோன் தொனேர். நெப்போலியன் 1802இல் ஏற்படுத்தியது. எண்ணிப் பார்க்க அரை நிமிடம் ஆகாது. ஆள் புரட்சிக்கு முந்தியவரா பிந்தியவரா என்பது அதிலேயே ஏறக்குறைய விழுந்துவிடும். சேன் லூயி சட்டைப் பொத்தானருகே தொங்கினால் சாதாரண வீரர்நிலை. தோளிலிருந்து குறுக்கே அகல நாடா போனால் அதற்கு மேல்நிலை. அகல நாடாவோடு மார்பில் தைத்த நட்சத்திரமும் இருந்தால் பெரிய சிலுவை. அது கிடைத்தவர்கள் மிகச் சிலர். 1792க்குப் பிறகு சில காலம் பழைய விருதுகள் இல்லை. 1814க்குப் பின் அரசர் திரும்பியதும் சேன் லூயி மறுபடி வந்தது. அதனால் இரண்டு சிலுவைகளும் ஒரே மார்பில் இருந்தாலும் போலி என்று தள்ள வேண்டாம்.

நியமன உத்தரவு கையில் இருந்தால் இன்னும் சுலபம். அடியில் 'லூயி' என்று கொட்டை எழுத்தில் இருக்கும் கையெழுத்தைப் பார்த்து உருகிவிடாதீர்கள். அரசர் கையெழுத்தைப் போடுவதற்கென்றே செயலர் ஒருவர் இருந்தார். அதன் கீழே சிறிய எழுத்தில் இருக்கும் அமைச்சர் கையெழுத்துதான் உங்களுக்கு வேண்டியது. கடற்படையை மொரெப்பா 1723 முதல் 1749 வரை கவனித்தார். பிறகு ரூயே 1754 வரை, மஷோ 1757 வரை. பெரியே 1758 முதல் 1761, ஷுவாசேல் 1766 வரை, ப்ராலேன் 1770 வரை, புவாய்ன் 1771 முதல் 1774, சார்த்தீன் 1780 வரை, காஸ்த்ரி 1787 வரை. தேதி 1765 என்றும் கையெழுத்து சார்த்தீன் என்றும் இருந்தால் ஏதோ ஒன்று தப்பு. பெரும்பாலும் நீங்கள் எண்ணைப் படித்த விதம்தான்.

யாரிடம் வேலை பார்த்தார்?

இந்தக் கேள்வியைத் தீர்க்காமல் ஆவணக் காப்பகத்தின் தளத்தைத் திறந்தால் மாதக்கணக்கில் வீண். அரசரின் கடற்படை வேறு, பிரெஞ்சுக் கிழக்கிந்தியக் கம்பெனியின் கப்பல் பிரிவு வேறு. இரண்டிலும் கப்பித்தான், லியூத்னான், ஆன்சேஞ் என்று ஒரே பதவிப் பெயர்கள். இரண்டிலும் கப்பல்கள் பீரங்கி சுமந்தன, இரண்டும் புதுச்சேரிக்கு வந்தன. ஆனால் காகிதங்கள் வெவ்வேறு ஊரில் கிடக்கின்றன.

1746இல் சென்னைப்பட்டணத்தைப் பிடித்த மஹே த லபுர்தொனே சேன் மலோ ஊரில் 1699இல் பிறந்து கம்பெனியில் வளர்ந்தவர். அரசப் படையின் அதிகாரிக் கோப்புகளில் மட்டும் தேடினால் அவர் வாழ்க்கையின் பெரும்பகுதி கையில் வராது. 1758இல் பிரெஞ்சுத் தளபதி தஷே கொண்டுவந்த கப்பல் கூட்டத்தில் ஸோதியாக் என்ற 74 பீரங்கிக் கப்பல் அரசருடையது, மற்றவற்றில் பெரும்பாலானவை கம்பெனியுடையவை. ஒரே போரில் ஒரே வரிசையில் நின்ற இரண்டு கப்பித்தான்களுக்கு இரண்டு எஜமானர்கள். அரசப் படையின் புகழ்பெற்ற தலைவர் சுஃப்ரன் 1781இல் இந்தப் பக்கம் புறப்பட்டு வரும்போது கம்பெனிப் படை கலைந்துபோயிருந்தது. கம்பெனியின் தனியுரிமை 1769இல் நின்றது. அதன் அதிகாரிகளில் ஒரு பகுதியினர் அரசப் படையில் சேர்ந்தார்கள். இப்படிப்பட்டவருக்குப் பேரேட்டில் இரண்டு பக்கம் ஒதுக்குங்கள், முதல் பக்கத்துப் பதவியை இரண்டாம் பக்கத்துக்கு அப்படியே தூக்கிப் போடாதீர்கள். கம்பெனிக் கப்பித்தான் அரசப் படையில் நுழையும்போது பல நேரங்களில் ஒன்றிரண்டு படி இறங்கித்தான் நுழைந்தார்.

அரசப் படைக்குள்ளேயே 'சிவப்பு', 'நீலம்' என்று இரண்டு சாதி. பிரபுக் குடும்பத்தில் பிறந்து முறையாகப் பயிற்சி பெற்றுச் சேர்ந்தவர்கள் சிவப்பு. போர்க்காலத்தில் வணிகக் கப்பலிலிருந்து தற்காலிகமாக எடுத்துக்கொண்டவர்கள் நீலம். நீலக்காரருக்குத் தனிக் கோப்பு இல்லாமல் போக வாய்ப்பு அதிகம். அவரைக் கப்பல் ஆட்பட்டியலில் தேட வேண்டும்.

பதவிப் படிகள்

ரங்கூனுக்கோ சைகோனுக்கோ போன பையன் பெட்டியடிப் பையனாகத் தொடங்கி, அடுத்தாளாகி, பிறகு மேலாள் ஆன கதை தெரிந்தவர்களுக்கு இந்த ஏணி எளிதில் புரியும். அடிப்படியில் கார்த் மரீன். பிரெஸ்த், ரொஷ்ஃபோர், துலோன் ஆகிய மூன்று துறைமுகங்களில் இவர்களுக்குத் தனிக் கம்பெனிகள் இருந்தன. பதினான்கு பதினைந்து வயதுப் பையன்கள், பிரபு வம்சம் என்பதற்குச் சான்று காட்ட வேண்டும். பையன் எந்தத் துறைமுகத்தில் சேர்ந்தான் என்பதைக் கட்டாயம் ஏற்றுங்கள். பெரும்பாலும் ஆயுள் முழுக்க அந்தத் துறைமுகத்தின் ஆளாகவே அவர் கணக்கில் இருப்பார்; பெயர்க்குழப்பம் வரும்போது பிரித்துக் காட்டுவது இதுதான்.

அதற்கு மேல் ஆன்சேஞ், பிறகு லியூத்னான் த வெசோ, பிறகு கப்பித்தேன் த வெசோ. வெசோ என்றால் பெரிய போர்க்கப்பல், ஃப்ரெகாத் அதைவிடச் சிறியது. நடுவில் கப்பித்தேன் த ஃப்ரெகாத் என்ற படி சில காலம் இருக்கும், சில காலம் காணாமல் போகும். கப்பித்தேனுக்கு மேல் ஷெஃப் தெஸ்காத்ர், அதற்கு மேல் லியூத்னான் ஜெனரால், உச்சியில் வீஸ் அமிரால். லியூத்னான் ஜெனரால் என்பதில் 'லியூத்னான்' இருப்பதைப் பார்த்துச் சிறிய அதிகாரி என்று எழுதிவிடுகிறார்கள். அவர் உச்சிக்கு ஒரு படி கீழே நிற்பவர். 1786இல் காஸ்த்ரி கார்த் மரீன்களை எடுத்துவிட்டு எலேவ் என்ற மாணவ நிலையைக் கொண்டுவந்தார். 1791இல் ஷெஃப் தெஸ்காத்ர் போய் கோந்த்ர் அமிரால் வந்தது. ஆகவே ஒருவர் 1780இல் கோந்த்ர் அமிரால் ஆனார் என்று எங்காவது படித்தால், எழுதியவர் பிற்காலச் சொல்லை முன்காலத்தில் ஒட்டிவிட்டார் என்று கொள்ளுங்கள்.

பதவி வேறு, பொறுப்பு வேறு. சிறிய கப்பலை லியூத்னான் ஒருவரும் நடத்தலாம். அங்கே மாலுமிகளுக்கு அவர்தான் 'கப்பித்தான்'. மறுபுறம் கப்பித்தேன் பதவியில் இருப்பவர் வேறொருவரின் பெரிய கப்பலில் இரண்டாம் ஆளாக இருக்கலாம். 'மேஜர்' என்பது கப்பல் கூட்டத் தலைவரின் அலுவல்களைக் கவனிக்கும் பொறுப்பு. அதோடு 1786இல் அதே பெயரில் ஒரு பதவியும் வந்து குழப்பத்தைக் கூட்டியது. ஷெவாலியே, கோந்த், மார்க்கி போன்றவை குடிப்பெருமை. சுஃப்ரனின் பெயருக்கு முன்னால் வரும் 'பாயி' மால்டா வீரர் சங்கத்தின் பட்டம். இவை எதுவும் பதவிக் கட்டத்தில் ஏறக் கூடாது.

ஒரு பேரேடு, வரி வரியாக

ஐந்து கட்டம் கிழியுங்கள்: நாள், பதவி, கப்பலும் பீரங்கி எண்ணிக்கையும், கப்பலில் பொறுப்பு, ஆதாரம். ஆதாரக் கட்டம் காலியாக இருக்கும் வரியைப் பென்சிலில் மட்டும் எழுதுங்கள். மாதிரிக்கு, நம் கரையில் ஐந்து போர் நடத்திய சுஃப்ரனின் கணக்கு.

1743: கார்த் மரீன், துலோன். பிறந்தது 1729 ஜூலை, ப்ரொவான்ஸ் நாட்டில். துலோன் அதற்குப் பொருந்துகிறது.
1744 பிப்ரவரி: துலோன் போர், சோலீத், 64.
1747 அக்டோபர்: மொனார்க் கப்பலில் ஆங்கிலேயரிடம் சிறை.
1748: ஆன்சேஞ்.
1756: லியூத்னான். அந்த மே மாதம் மினோர்கா போர், ஒர்ஃபே, 64.
1759 ஆகஸ்ட்: போர்ச்சுகல் கரையில் லாகோஸ் போர், ஒசேயான், 80. மறுபடியும் சிறை.
1767: கப்பித்தேன் த ஃப்ரெகாத்.
1772: கப்பித்தேன் த வெசோ.
1777: ஃபந்தாஸ்க், 64, கப்பல் தலைவர். அதே கப்பலோடு அமெரிக்கக் கடல், 1779 ஜூலையில் கிரெனடா.
1781 மார்ச் 22: ஏரோ, 74, பிரெஸ்திலிருந்து புறப்பாடு. ஏப்ரல் 16, கேப் வெர்ட் தீவுகளில் போர்த்தோ ப்ராயா போர்.
1782 பிப்ரவரி 9: தலைவர் தோர்வ் கடலில் இறந்ததும் படைப்பொறுப்பு. பதவி இன்னும் கப்பித்தேன்தான்.
1782 பிப்ரவரி 17 சதுரங்கப்பட்டினம், ஏப்ரல் 12 இலங்கைக் கரையில் ப்ரொவிதியேன், ஜூலை 6 நாகப்பட்டினம், செப்டம்பர் 3 திருகோணமலை. 1783 ஜூன் 20 கடலூர்.
1782: ஷெஃப் தெஸ்காத்ர். 1783: லியூத்னான் ஜெனரால். 1784: வீஸ் அமிரால், அவருக்கென்றே புதிதாக உண்டாக்கிய இடம்.
1788 டிசம்பர் 8: பாரிஸில் இறப்பு.

இப்போது ஐந்தொகை எடுப்பதுபோல் வரிகளுக்கு நடுவே பாருங்கள். பிறப்புக்கும் கார்த் மரீனுக்கும் 14 ஆண்டு, சரி. லியூத்னானிலிருந்து கப்பித்தேன் த வெசோ ஆக 16 ஆண்டு. நெடியதுதான், ஆனால் 1763க்குப் பின் அமைதிக்காலம், கப்பல்கள் கட்டிப் போடப்பட்டிருந்தன, பதவி உயர்வு ஊர்ந்துதான் வந்தது. நாற்பதைத் தாண்டிய பிறகே கப்பித்தேன், ஐம்பத்தைந்துக்குள் வீஸ் அமிரால். கடைசி இரண்டு ஆண்டுகளில் மூன்று படி ஏறியதைப் பார்த்தாலே இந்தக் கரையில் நடந்தது எவ்வளவு எடை பெற்றது என்று தெரியும்.

பதவி நாளை எப்போதும் இரண்டாக எழுதுங்கள்: ஆணை பிறந்த நாள், ஆள் அறிந்த நாள். வெர்சாயில் எழுதிய கடிதம் நன்னம்பிக்கை முனையைச் சுற்றி வங்கக் கடல் வர ஆறு மாதத்துக்கு மேல். பிரான்ஸும் இங்கிலாந்தும் அமைதிக்கான முன் உடன்பாட்டில் 1783 ஜனவரி 20இல் கையெழுத்திட்டுவிட்டன; அதற்கு ஐந்து மாதம் கழித்துக் கடலூருக்கு எதிரே இரண்டு படைகளும் சுட்டுக்கொண்டிருந்தன. செய்தி எட்டவில்லை, அவ்வளவுதான். ஆணை நாளை மட்டும் வைத்துக்கொண்டு 'இந்தப் போரில் அவர் ஷெஃப் தெஸ்காத்ர் என்ற முறையில் ஆணையிட்டார்' என்று எழுதுவது இந்தத் துறையில் அடிக்கடி வரும் பிழை.

இடைவெளிகள்

நன்றாக ஏற்றிய பேரேட்டிலும் ஓட்டை விழும். ஓட்டையின் காலத்தையும் இடத்தையும் பார்த்தாலே காரணம் ஊகிக்கலாம், பிறகு ஆதாரம் தேடலாம். சோழமண்டலக் கரையில் ஐப்பசி, கார்த்திகை, மார்கழி காலியாக இருந்தால் பதற வேண்டாம். அக்காலத்தில் புதுச்சேரி, கடலூர், சென்னை எல்லாமே திறந்த கடலில் நங்கூரம் போடும் இடங்கள். வடகிழக்குப் பருவக்காற்று தொடங்கியபின் பாய்மரக் கப்பல் அங்கே நிற்க முடியாது. லபுர்தொனேயின் கப்பல்கள் 1746 அக்டோபரில் சென்னைக்கு எதிரே புயலில் நொறுங்கின. சுஃப்ரன் 1782இல் அதே பருவத்தில் சுமத்ராவின் ஆச்சே துறைக்குப் போய், அடுத்த ஜனவரியில் திரும்பினார். ஆகவே உங்கள் ஆள் அந்த மாதங்களில் ஆச்சேயிலோ மொரீஷியஸிலோ இருந்தாரா என்று பாருங்கள். மொரீஷியஸுக்கு ஆவணத்தில் 'ஈல் த ஃப்ரான்ஸ்' என்றும், ரியூனியனுக்கு 'பூர்போன்' என்றும் இருக்கும்.

ஆண்டுக்கணக்கில் காலி என்றால் சிறை, மால்டா வீரர் சங்கப் பணி, வணிகக் கப்பலில் போக விடுப்பு, அரைச்சம்பளம் இவற்றில் ஒன்று. ஆங்கிலேயர் பிடித்த கைதிகளுக்கு அவர்களே பதிவேடு வைத்திருக்கிறார்கள். லண்டன் கியூ காப்பகத்தில் ஏடிஎம் 103 என்ற வரிசை, 1755 முதல். சிறையில் இருந்தபோதும் பதவி உயர்வு வரும் என்பதால் இரண்டையும் மோதவிட வேண்டாம்.

'உடல்நிலை காரணமாக' என்று எழுதியிருந்தால் சற்றே சந்தேகப்படுங்கள். நாகப்பட்டினப் போரில் செவேர் என்ற கப்பலின் தலைவர் சில்லார் கொடியை இறக்கச் சொன்னார். கீழதிகாரிகள் மறுத்துச் சுட்டுக்கொண்டே இருந்ததால் கப்பல் தப்பியது. சுஃப்ரன் அவரையும் வேறு சில தலைவர்களையும் பொறுப்பிலிருந்து எடுத்துத் திருப்பி அனுப்பினார். திருகோணமலைப் போருக்குப் பிறகு த்ரொம்லேன் முதலிய சிலர் உடல்நிலையைக் காட்டித் தாங்களாகவே விலகிப் போனார்கள். தனிக்கோப்பில் நோய் என்று இருக்கும், படைத்தலைவரின் கடிதத்தில் வேறு கதை இருக்கும். இரண்டையும் ஆதாரக் கட்டத்தில் ஏற்றுங்கள். எது உண்மை என்று தீர்ப்பு எழுதுவது உங்கள் வேலை ஆகாது. இன்னொரு காரணம் கப்பலே போய்விடுவது. ஒரியான் 1782 செப்டம்பரில் திருகோணமலையில் தரைதட்டி அழிந்தது, பிஸார் அடுத்த மாதம் கடலூரில். அவற்றின் அதிகாரிகள் திடீரென்று வேறு கப்பல்களின் பட்டியலில் முளைப்பார்கள்.

காகிதம் எங்கே

1789க்கு முந்திய அரசப் படை ஆவணங்கள் பிரான்ஸ் தேசிய ஆவணக் காப்பகத்தின் 'மரீன்' தொகுப்பில் இருக்கின்றன. சி1 என்பது அதிகாரிப் பட்டியல்கள், சி7 தனி ஆட்களின் கோப்பு, பி4 போர்ப் பயணங்கள், 4ஜேஜே கப்பல் நாட்பதிவுகள். சி1இல் உள்ள லாஃபிலார் அகரவரிசை 18ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரையிலான அதிகாரிகளுக்கு ஒரு வரியில் பதவி உயர்வுகளைச் சொல்லும். முதல் தேடலை அதில் வைத்துக்கொண்டால் பாதி வேலை முடிந்தது. புரட்சிக்குப் பிந்தியவர்கள் வேன்சென் கோட்டையில் உள்ள பாதுகாப்புத் துறை வரலாற்றுக் காப்பகத்தில், சிசி7 தனிக்கோப்பு. கம்பெனி ஆட்பட்டியல்கள் லொரியானில். 'மெமுவார் தேஸோம்' என்ற அரசுத் தளத்தில் அவற்றைத் தேடலாம். குடியேற்ற நாடுகளோடு தொடர்புள்ளவர்களின் தனிக்கோப்புகள் ஏக்ஸ் நகரக் காப்பகத்தின் 'ஈ' வரிசையில், இணையத்தில் இலவசமாகவே. 1802க்குப் பின் லெஜியோன் தொனேர் சிலுவை வாங்கியவர் என்றால் அந்த விருதுக் கோப்புகள் உள்ள 'லெயோனோர்' தளத்தைத் திறங்கள். பிறப்புச் சான்றும் பணிப்பட்டியலும் ஒரே உறையில் கிடைத்தாலும் கிடைக்கும். உயரதிகாரிகளை ஆண்டுவாரியாகச் சரிபார்க்கப் பிரெஞ்சுத் தேசிய நூலகத்தின் காலிக்கா தளத்தில் உள்ள அரச பஞ்சாங்கம் உதவும்.

தேடும்போது தமிழ்க் காதை நம்பாதீர்கள். பிரெஞ்சில் கடைசி மெய்யெழுத்து பெரும்பாலும் ஒலிக்காது, ஆனால் தேடுபொறிக்கு அது வேண்டும். காகிதத்தில் உள்ள எழுத்தை ஒவ்வொன்றாகப் பார்த்து அடியுங்கள். பெயருக்கு முன் வரும் 'த' என்ற ஒட்டை அகரவரிசை கணக்கில் எடுக்காது, 'ல' என்ற ஒட்டை எடுக்கும். லபுர்தொனேயை அந்தப் பெயரிலும் தேட வேண்டும், 'மஹே' என்றும் தேட வேண்டும். தோர்வ் 'எஸ்தியேன்' என்ற குடும்பப் பெயரில் இருப்பார். பூவே என்றொரு பெயர் வந்தால் நின்று மூச்சு விடுங்கள். 1739இல் தென்கடலில் தீவு கண்ட பூவே த லொஸியே கம்பெனிக்காரர். சுஃப்ரனோடு அழாக்ஸ் கப்பலில் வந்தவர் பூவே த ப்ரேகூர். 1810இல் மொரீஷியஸ் கிராண்ட் போர் போரில் நின்றவர் 1775இல் பிறந்த பியேர் பூவே. மூவரும் இந்தியப் பெருங்கடல்காரர்கள்தான்.

தேதி, தூரம், ஊர்

மாதத்தை எண்ணால் சுருக்கும் வழக்கம் உண்டு. 7 போட்டு அதன் தோளில் சின்னதாக மூன்று எழுத்து இருந்தால் அது செப்டம்பர், ஜூலை என்று எண்ணிவிடக் கூடாது. 8 அக்டோபர், 9 நவம்பர், ரோமன் பத்து டிசம்பர். நீள எஸ் எழுத்து எஃப் போலவே தெரியும். நாட்பதிவில் ஒரு நாள் என்பது நண்பகலிலிருந்து அடுத்த நண்பகல் வரை, அதனால் '5 முதல் 6 வரை' என்ற பதிவில் காலைச் சண்டை 6ஆம் தேதிக்குரியது.

1793 முதல் 1805 டிசம்பர் வரை புரட்சிப் பஞ்சாங்கம். ஆண்டு செப்டம்பர் 22ஐ ஒட்டித் தொடங்கும், 12 மாதத்துக்கும் 30 நாள், கடைசியில் ஐந்தோ ஆறோ உபரி நாள். மாற்றும் கருவிகள் இணையத்தில் உண்டு. ஆனால் கருவி சரியா என்று தெரிந்த நாள் ஒன்றைப் போட்டுப் பாருங்கள். இரண்டாம் ஆண்டு ப்ரெரியால் 13 என்றால் 1794 ஜூன் 1 வர வேண்டும். பதினான்காம் ஆண்டு வாந்தெமியேர் 29 என்றால் 1805 அக்டோபர் 21, ட்ரஃபால்கர்.

தீர்க்கரேகை பாரிஸிலிருந்து எண்ணப்பட்டிருக்கும். அதோடு 2 பாகை 20 கலை கூட்டினால் இன்றைய கிரீன்விச் கணக்கு. புதுச்சேரி அவர்களுக்கு 77 பாகை 30 கலை, நமக்கு 79 பாகை 50 கலை. 97 என்று இருந்தால் ஃபெரோ தீவிலிருந்து எண்ணியது, 20 கழித்துவிட்டுத் தொடருங்கள். கடல் தூரத்தை அளக்கும் லியூ 5.556 கிலோமீட்டர். பிரெஞ்சு அடி 32.48 சென்டிமீட்டர், ஆங்கில அடியைவிடச் சுமார் இரண்டு சென்டிமீட்டர் நீளம். பிரெஞ்சு பவுண்டு 489.5 கிராம், 36 பவுண்டுப் பீரங்கியின் குண்டு 17.6 கிலோ, ஆங்கிலேயரின் 32 பவுண்டுக் குண்டு 14.5 கிலோ. 74 என்ற எண் பீரங்கிகளின் எண்ணிக்கை, எடைக்கும் அதற்கும் தொடர்பில்லை.

ஊர்ப்பெயர்களில் கூதலூர் என்பது கடலூர், போர்த்தோ நோவோ பரங்கிப்பேட்டை, த்ராங்கபார் தரங்கம்பாடி. நம் பக்கத்துக்காரர்கள் விழும் குழி 'திவிக்கோத்தே'. அதைப் பார்த்ததும் தேவகோட்டை என்று மகிழ்ந்துவிடுகிறார்கள். அது கொள்ளிடம் கடலில் கலக்கும் இடத்தில் இருந்த கோட்டை, 1749இல் ஆங்கிலேயர் பிடித்தது. அதேபோல் 74 பீரங்கிக் கப்பல் தொண்டிக்கு வந்ததாக யாராவது சொன்னால் ஒப்புக்கொள்ள வேண்டாம். அந்தக் கப்பலுக்கு ஏறத்தாழ ஏழு மீட்டர் ஆழம் வேண்டும். பாம்பன் வழியாகவும் ஆதம் பாலம் வழியாகவும் அதற்குப் பாதையில்லை. மேற்குக் கரையிலிருந்து வந்த பெரிய கப்பல்கள் எல்லாம் இலங்கையைச் சுற்றித்தான் வந்தன.

தமிழில் எழுதிய சாட்சிகள்

பிரெஞ்சுக்காரர்களுக்கே எளிதில் கிடைக்காத ஆதாரம் ஒன்று தமிழ் படிப்பவருக்கு உண்டு. ஆனந்தரங்கப் பிள்ளை 1736 செப்டம்பர் 6 முதல் 1761 ஜனவரி வரை எழுதிய நாட்குறிப்பில் எந்தக் கப்பல் எந்த நாழிகையில் வந்தது, எத்தனை குண்டு போட்டார்கள், எந்த முசே (பிரெஞ்சுத் துரை) கரையிறங்கினார் என்பதெல்லாம் இருக்கிறது. 1778 முதல் 1792 வரை இரண்டாம் வீரா நாயக்கர் நாட்குறிப்பு. சுஃப்ரன் காலம் அதற்குள் வருகிறது. கப்பித்தான் புதுச்சேரியில் இறங்கிய நாளை உறுதிசெய்ய இவை நல்ல சாட்சி. பதவிக்கு அவ்வளவு நல்ல சாட்சி இல்லை, கரையில் நின்று பார்ப்பவருக்குக் கப்பலில் வந்தவர் எல்லோரும் கப்பித்தான்தான்.

தேதி தமிழ் ஆண்டில் இருக்கும். 60 ஆண்டுச் சுற்று என்பதால், உங்களுக்குத் தெரிந்த அண்மை ஆண்டிலிருந்து 240 கழியுங்கள். 2022 சுபகிருது, எனவே 1782உம் சுபகிருது, 1783 சோபகிருது. ஆண்டு சித்திரையில் பிறப்பதால், தை மாசி பங்குனிப் பதிவுக்கு ஆங்கில ஆண்டை ஒன்று கூட்ட வேண்டும். அதோடு அன்றைய மாதப்பிறப்பு இன்றையதைவிடச் சில நாள் முன்னால் விழும். 1736 செப்டம்பர் 6ஐப் பிள்ளை ஆவணி 25 என்கிறார், இன்றைய நாட்காட்டியில் அது ஆவணி 21ஐ ஒட்டி வரும். பிரெஞ்சு நாட்பதிவோடு ஒத்துப்பார்க்கும்போது இந்த நான்கு நாளைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். பெயர்களை வாய்விட்டுப் படித்துப் பாருங்கள். 'லபுர்தொனே' போன்ற எழுத்துக்கூட்டல் காதில் விழுந்தபடி எழுதியது, கண்ணால் தேடினால் தவறவிடுவீர்கள்.

பேரேடு முடிந்ததும் மூலக் காகிதத்தை லேமினேஷன் கடைக்குக் கொண்டுபோகாதீர்கள். சூட்டில் ஒட்டிய பிளாஸ்டிக்கைப் பிறகு எந்த நிபுணராலும் முழுதாக உரிக்க முடியாது. இருபுறமும் படம் எடுத்து, அமிலமில்லா உறையில் தட்டையாக வைத்து, இரும்புப் பெட்டியில் தரையைத் தொடாமல் வையுங்கள். இராமபாணப் பூச்சிக்குப் பழைய பசை மிகவும் பிடிக்கும் என்பதால் சட்டத்தின் பின்பலகையை ஆண்டுக்கு இருமுறை கழற்றிப் பாருங்கள், முக்கியமாக அடைமழை முடிந்த கையோடு. உறையின் மேல் பென்சிலில் அதிகாரியின் பெயர், பேரேட்டின் பக்க எண், காகிதம் எந்தக் கடையிலிருந்து அல்லது எந்த வீட்டிலிருந்து வந்தது என்ற மூன்றையும் எழுதுங்கள். மூன்றாவதைத்தான் எல்லோரும் விட்டுவிடுகிறார்கள்.